பாத்திரம்: ‘அவராகவே’ - லாரி கிங்கை நடிகர் பட்டியலில் சேர்க்கலாமா?

நூல்கண்டு · ஞாயிறு காலை 10:05

நம்ம விநாடி வினாக் குழுவுக்காக ஒரு அட்டவணை போட்டுக்கொண்டிருக்கிறேன். சினிமாவில் வேறு யாராகவும் நடிக்காமல், தானாகவே வந்துபோன டிவி ஆட்களின் பட்டியல். ‘பாத்திரம்’ என்ற கட்டத்தில் ‘அவராகவே’ என்று எழுதி எழுதிக் கை ஓய்ந்துவிட்டது. எல்லாம் ஒரே மனுஷனால், அமெரிக்க டிவி பேட்டியாளர். லாரி கிங்.

1984ல் வந்த கோஸ்ட்பஸ்டர்ஸில் சில நொடிகள் வருகிறார். இருட்டு ஸ்டுடியோ, விரலிடுக்கில் சிகரெட், மைக் முன்னால் உட்கார்ந்து இன்றைக்குப் பேய்களைப் பற்றிப் பேசலாம் என்கிறார். அந்தக் காலத்தில் நிஜமாகவே அவருக்கு அதுதான் வேலை: ராத்திரி ரேடியோவில் போன் போடுபவர்களோடு பேசுவது. செய்திச் சேனலான சி.என்.என். அவரைக் கூப்பிட்டது அடுத்த வருஷம்தான். அப்புறம் 1997ல் கான்டாக்ட். 1998ல் மட்டும் இரண்டு மூன்று படம். கதையில் பெரிசாக ஏதோ நடந்துவிட்டது, நாடே அதைப் பற்றிப் பேசுகிறது என்று காட்ட ஹாலிவுட்டில் ரெண்டே வழி இருந்தது போல. ஒன்று, செய்தித்தாள் சுற்றிச் சுற்றி வந்து திரையில் நிற்பது. இன்னொன்று லாரி கிங்.

என் சந்தேகம் இதுதான். இவரை நடிகர் பட்டியலில் சேர்ப்பதா? ஆள் அதே ஆள், மேசை அதே மேசை, பேச்சு அதே பேச்சு. ஆனால் எதிரில் உட்கார்ந்திருப்பவர் நிஜத்தில் இல்லாத ஒரு செனட்டர். இதற்கு என்ன பெயர்?

---

கீழமாசிவீதி · 10:31

நடிப்பாவது மண்ணாவது. கூப்பிட்டாங்க, வந்து உக்காந்தாரு, எந்திரிச்சுப் போனாரு. எங்க ஊர்ல கல்யாண வீட்டு வீடியோவுல நான்கூடத்தான் நானாவே வர்றேன், பந்தியில ரெண்டாவது தடவை பாயசம் கேக்குற மாதிரி. என்னையும் பட்டியல்ல சேத்துக்கங்க அண்ணே.

---

பழைய மர்ஃபி · 11:20

கீழமாசிவீதி தம்பி, சிரித்தேன். ஆனால் அவ்வளவு சுளுவாகத் தள்ளிவிட முடியாது.

தொண்ணூறுகளில் கேபிள் வந்த புதிதில் எங்கள் வீட்டில் காலைக் காபி லாரி கிங்கோடுதான். அங்கே இரவு 9 மணி என்றால் நமக்குக் காலை ஏழரை, கோடையில் ஆறரை. அவர் ராத்திரிக்கு என்று செய்த நிகழ்ச்சியை நான் ஷேவ் செய்துகொண்டே பார்த்தேன். பேசுவது பாதி புரியாது. ஆனால் பின்னால் புள்ளி புள்ளியாக உலக வரைபடம், முன்னால் பழைய காலத்து மைக், பேன்ட்டைத் தாங்கத் தோளில் இரண்டு பட்டை (சஸ்பெண்டர்), பெரிய கண்ணாடி, முன்னோக்கிச் சாய்ந்த கழுத்து. சத்தத்தை நிறுத்திவிட்டுப் பார்த்தாலும் யார் என்று தெரிந்துவிடும்.

அந்த மனிதரின் ஆரம்பம் உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும் என்று தெரியவில்லை. எனக்குப் பிடித்த கதை என்பதால் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

நிஜப் பெயர் லாரன்ஸ் ஹார்வி ஸைகர். 1933 நவம்பர் 19, நியூயார்க் புரூக்ளினில் பிறப்பு, குடியேறி வந்த யூதக் குடும்பம். ஒன்பது வயதில் ஒரு நாள் நூலகத்தில் எடுத்த புத்தகங்களைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வருகிறான் பையன். வாசலில் போலீஸ். அப்பா மாரடைப்பில் போய்விட்டார். அதற்குப் பிறகு அரசாங்க உதவிப் பணத்தில்தான் வீடு ஓடியது. பையனின் முதல் கண்ணாடியே நியூயார்க் நகரத்தின் செலவு.

ஐந்து வயதிலிருந்து ரேடியோ ஆசை. கல்லூரி எல்லாம் கிடையாது. யாரோ சொன்னார்கள் என்று 1957ல் மயாமிக்குப் போகிறார். ஒரு சின்ன நிலையத்தில் எடுபிடி வேலை. அறிவிப்பாளர் ஒருவர் வேலையை விட்டுப் போக, மே 1ஆம் தேதி காலை இவருக்கு மைக் கிடைக்கிறது, வாரம் 55 டாலர் சம்பளம். ஒலிபரப்புக்குச் சில நிமிஷங்கள் முன்னால் மேலாளர் கேட்கிறார், என்ன பெயரில் பேசப் போகிறாய் என்று. ஸைகர் என்றால் யாருக்கும் வாயில் நுழையாது, இன்ன இனம் என்றும் காட்டிக்கொடுக்கும். மேசையில் மயாமி ஹெரால்ட் விரித்துக் கிடக்கிறது. அதில் ‘கிங்ஸ்’ என்று ஒரு மொத்த மது வியாபாரக் கடையின் விளம்பரம். லாரி கிங், இது எப்படி?

அந்தப் பெயரோடு உள்ளே போனவருக்கு வாய் ஒட்டிக்கொண்டது. பாட்டைப் போடுகிறார், சத்தத்தைக் குறைக்கிறார், பேச்சு வரவில்லை, மறுபடி பாட்டைக் கூட்டுகிறார். இப்படியே இரண்டு மூன்று தடவை. மேலாளர் கதவை உதைத்துத் திறந்து, இது பேசுகிற தொழில் என்று கத்திவிட்டுப் போகிறார். அப்புறம்தான் இவர் மைக்கில் உள்ளதைச் சொன்னார். இன்றைக்கு என் முதல் நாள், ரேடியோ எனக்குச் சின்ன வயசுக் கனவு, இந்தப் பெயரே இப்போதுதான் வைத்தார்கள், வாய் உலர்ந்துவிட்டது, மேலாளர் கதவை உதைத்தார் என்று எல்லாவற்றையும்.

கடைசி வரை அவர் சொல்லிவந்த கதை இது.

---

செய்திமேசை · 12:02

அருமையாகச் சொன்னீர்கள் ஐயா. ஆனால் இந்தக் கதையை அவரே எத்தனை ஆயிரம் தடவை சொல்லிச் சொல்லி மெருகேற்றினார் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். நான் இருபது வருஷம் செய்தி அறையில் இருந்தவன். ஒரே கதையை ஒரே இடத்தில் நிறுத்தி, ஒரே இடத்தில் சிரிப்பு வாங்குகிற ஆளைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் பயம்.

அவர் பெருமையாகச் சொல்லிக்கொண்ட இன்னொரு விஷயம், தயாரிப்பு இல்லாமல் வருவேன், எழுத்தாளரைப் பேட்டி எடுக்கும் முன் அவருடைய புத்தகத்தைப் படிக்க மாட்டேன் என்பது. பார்வையாளனும் படித்திருக்க மாட்டானே, நான் அவன் இடத்தில் உட்காருகிறேன் என்பார். இதை நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம் சொல்லியிருந்தால் ஆசிரியர் என்னை வீட்டுக்கு அனுப்பியிருப்பார்.

அவர் மேசைக்கு ஏன் எல்லாரும் ஓடி வந்தார்கள்? அங்கே அடி விழாது. பிரபலம் ஒருவர் வம்பில் மாட்டிக்கொண்டால் முதலில் போய் உட்கார்ந்த நாற்காலி அதுதான். ஆவியோடு பேசுகிறேன் என்பவர்கள்கூட அங்கே வந்து, போன் போட்டவர்களின் செத்துப்போன சொந்தங்களோடு பேசிவிட்டுப் போனார்கள். இவர் தலையாட்டிக் கேட்டுக்கொண்டிருந்தார்.

---

ஸ்காபரோ பனி · 12:48

எனக்கு அவர் ஒரு வாத்தியார். பகிடி இல்லை, உண்மையாத்தான்.

நான் ரொறொன்ரோ வந்த புதுசு. ஒரு நிலக்கீழ் அறையிலை நாலு பேர். வேலையாலை வந்து இரவு ஒன்பது மணிக்கு ரீவி போட்டா இந்த மனிசன். அவர் கேக்கிற கேள்வி எனக்கு விளங்கும், வாற மறுமொழிதான் விளங்காது. ஏன்? எப்பிடி இருந்தது? பிறகு என்ன நடந்தது? அவ்வளவுதான் கேள்வி, எல்லாம் சின்னன் சின்னன். மற்றப் பேட்டிக்காரர் மூண்டு வசனம் பேசிப்போட்டுத்தான் கேள்விக்கே வருவினம். நான் முதல் முதல் வேலை இடத்திலை இங்கிலீசிலை துணிஞ்சு கேட்ட கேள்வி ‘ஏன்’ எண்டதுதான். அது அவரிட்டைப் படிச்சது.

போன் எடுக்கிற ஆக்களுக்கு அவர் பேர் சொல்லிக் கூப்பிடமாட்டார், ஊர்ப் பேர்தான். ‘டெஸ் மொயின், ஹலோ!’ எண்டுவார். ஒரு ஊரே போனிலை வந்து நிக்கிற மாதிரி இருக்கும்.

---

டப்பிங்குரல் · 1:15

எனக்கு அவரை மீமாகத்தான் தெரியும். வயசு 24, மன்னிக்கவும் பெரியவர்களே.

சி.என்.என்.னை விட்ட பிறகு இணையத்தில் ஒரு நிகழ்ச்சி நடத்தினார் இல்லையா, அதில் டேனி பூடி என்ற காமெடி நடிகர் வருவார். நீங்கள் விட்டுக்கொடுக்கவே முடியாத சொகுசு எது என்று கேட்பார் லாரி. இவர் காபி, நல்ல சாக்ஸ் என்கிற ரேஞ்சில் ஏதோ சொல்வார். லாரிக்குத் திருப்தியே இருக்காது. தனி விமானம் என்று எடுத்துக் கொடுப்பார். அதற்கு அந்த நடிகர் பரிதாபமாக ஒரு பதில் சொல்வார்: லாரி, நான் டக்டேல்ஸ்ல வேலை பார்க்கிறேன். கார்ட்டூன் வாத்துக்குக் குரல் கொடுக்கிறவனிடம் போய் தனி விமானமா!

எங்கள் ஹாஸ்டலில் யாராவது பெரிய ஓட்டலுக்குக் கூப்பிட்டால் இதுதான் பதில்.

---

கீழமாசிவீதி · 1:22

தம்பி, சைன்ஃபீல்ட் விசயம் பாக்கலையா நீ? அதான் எல்லாத்துக்கும் தாய்.

---

நூல்கண்டு · 2:40

அதைச் சொல்லத்தான் வந்தேன். என் அட்டவணையில் அது தனி சிக்கல்.

2007ல் ‘சைன்ஃபீல்ட்’ என்ற காமெடித் தொடரின் நாயகன் ஜெர்ரி சைன்ஃபீல்ட் ‘பீ மூவி’ என்று ஒரு தேனீ கார்ட்டூன் படம் எடுத்தார். அதில் தேனீக்கள் உலகத்திலும் ஒரு டிவி பேட்டியாளர் உண்டு. பெயர் பீ லாரி கிங், குரல் லாரி கிங். கதாநாயகத் தேனீ அவரிடம், மனிதர்கள் உலகத்திலும் உங்கள் பெயரில் ஒருவர் இருக்கிறார், இதே மாதிரி நிகழ்ச்சி, இதே சஸ்பெண்டர் என்று அடுக்கும். இவர், அது சாதாரணப் பெயர்தான் என்று கடந்துபோகப் பார்ப்பார்.

சரி, படம் வெளியாகிற சமயம் சைன்ஃபீல்ட் விளம்பரத்துக்காக நிஜ லாரி கிங்கின் நிஜ நிகழ்ச்சிக்கு வருகிறார். தன் படத்தில் தேனீயாகக் குரல் கொடுத்தவர் முன்னாலேயே உட்கார்ந்திருக்கிறார். அவர் கேட்கிறார், உங்கள் தொடரை நீங்களேதானே நிறுத்தினீர்கள், சேனல் நிறுத்தவில்லையே? சைன்ஃபீல்டுக்கு முகம் மாறிவிட்டது. அமெரிக்காவில் முதலிடத்தில் இருக்கும்போது நிறுத்திய தொடர் அது. 1998ல் கடைசி பாகத்தைப் பார்த்தவர்கள் மட்டும் ஏழரைக் கோடிக்கு மேல். நான் யார் என்று உங்களுக்குத் தெரியுமா என்கிற அளவுக்குப் போய்விட்டது பேச்சு. கோபம் பாதி, விளையாட்டு பாதி.

தேனீ லாரி கிங்குக்கு யாரோ வசனம் எழுதிக் கொடுத்தார்கள், பிசகாமல் பேசினார். மனித லாரி கிங்குக்கு யாரும் எழுதித் தரவில்லை, தந்தாலும் படித்திருக்க மாட்டார். இதில் எது ‘அவராகவே’?

---

பழைய மர்ஃபி · 4:10

செய்திமேசை அவர்களுக்கு ஒரு பதில் பாக்கி.

தயாரிப்பு இல்லாமல் வருவது சோம்பேறித்தனம் என்கிறீர்கள். அது எங்கே தொடங்கியது என்று பாருங்கள். 1958 வாக்கில் மயாமியில் பம்பர்னிக்ஸ் என்ற உணவு விடுதியிலிருந்து காலையில் நேரடி ஒலிபரப்பு. ஏற்பாடு செய்த விருந்தினர் என்று யாரும் கிடையாது. சாப்பிட வந்தவரைப் பிடித்து உட்கார வைக்க வேண்டியதுதான். முதல் ஆள் ஒரு சர்வர். ஓரிரு நாளில் பாடகர் பாபி டேரின் உள்ளே நுழைந்தார், அவரும் உட்கார்ந்தார். கதவைத் திறந்துகொண்டு யார் வருவார் என்றே தெரியாதபோது எதைத் தயாரிப்பது? சர்வரிடமும் நட்சத்திரத்திடமும் கேட்கக்கூடிய கேள்வி ‘இந்த வேலைக்கு எப்படி வந்தீர்கள்?’ ஒன்றுதான். அதையே ஐம்பது வருஷம் ஜனாதிபதிகளிடமும் கேட்டார்.

பலன் இல்லாமல் இல்லை. ரஷ்யாவின் குர்ஸ்க் நீர்மூழ்கி 2000 ஆகஸ்டில் மூழ்கி 118 பேர் இறந்தார்கள். அடுத்த மாதம் புதின் இவர் எதிரில். நீர்மூழ்கிக்கு என்ன ஆயிற்று என்று கேட்டார் லாரி. மூழ்கிவிட்டது, என்றார் புதின், உதட்டில் ஒரு சிறு சிரிப்போடு. தயாரித்துக்கொண்டு வந்த நிருபர் தேதி, ஆழம், மீட்பில் தாமதம் என்று மூன்று வரிக் கேள்வி கேட்டிருப்பார், புதினும் மூன்று வரியில் தப்பியிருப்பார். அந்தச் சிரிப்பு வந்திருக்காது. ரஷ்யாவில் இன்றும் அந்த ஒரு சொல்லை மறக்கவில்லை.

---

செய்திமேசை · 4:37

ஒப்புக்கொள்கிறேன், அது பெரிய தருணம். ஆனால் அது லாரி கிங் பிடித்ததா, தானாக வலையில் விழுந்ததா? அடுத்த கேள்வியைப் பாருங்கள். அந்த ஒரு சொல்லைப் பற்றிக்கொண்டு இழுத்திருக்க வேண்டும், இழுக்கவில்லை.

1992 பிப்ரவரியில் ராஸ் பெரோ என்ற கோடீஸ்வரரை வைத்துக்கொண்டு செய்ததை மட்டும் முழு மனதோடு பாராட்டுவேன். ஜனாதிபதித் தேர்தலில் நிற்பீர்களா என்று ஆரம்பத்தில் கேட்டார், இல்லை என்றார். விடவில்லை, சுற்றிச் சுற்றி வந்து கடைசியில் மறுபடி கேட்டார். 50 மாநிலத்திலும் மக்களே என் பெயரை வாக்குச்சீட்டில் ஏற்றினால் நிற்பேன் என்று வாயை விட்டார் பெரோ. அந்த நவம்பரில் கிட்டத்தட்ட 19 சதவீத வாக்கு வாங்கினார். அடுத்த வருஷம் வட அமெரிக்க வர்த்தக ஒப்பந்தம் பற்றி துணை ஜனாதிபதி அல் கோரும் பெரோவும் மோதியதும் இதே மேசையில். கேபிள் டிவியில் அதுவரை அவ்வளவு பேர் பார்த்த நிகழ்ச்சி வேறில்லை.

எனக்கு எரிச்சல் இந்தத் திறமை இல்லாததால் அல்ல, இருந்தும் பெரும்பாலும் தூங்க வைத்ததால்.

---

மேசைவிளக்கு · 5:55

நான் இந்தப் பகுதியில் அதிகம் எழுதுவதில்லை. ஒரு விஷயம் சொல்லலாம் என்று தோன்றியது.

அவர் ரொம்ப நல்ல மனுஷர் போலவே பேசிக்கொண்டிருக்கிறோம். 1971 டிசம்பரில் மயாமியில் அவரைக் கைது செய்தார்கள். லூயிஸ் உல்ஃப்சன் என்ற பணக்காரர் ஒரு காரியத்துக்காகக் கொடுத்த பணத்தை இவர் தன் கடனுக்குப் போட்டுக்கொண்டார் என்று திருட்டு வழக்கு. காலம் கடந்துவிட்டது என்ற சட்டக் காரணத்தால் வழக்கு தள்ளுபடி ஆனது, நிரபராதி என்று அல்ல. ரேடியோ, டிவி, பத்திரிகைப் பத்தி மூன்றும் போயின. லூசியானாவில் ஒரு குதிரைப் பந்தய மைதானத்துக்கு விளம்பர வேலை பார்த்தார். 1978ல் மூன்றரை லட்சம் டாலர் கடனோடு திவால். குதிரைப் பந்தயத்தில் விட்டதும், வருமானத்துக்கு மேல் வாழ்ந்ததும்.

அதே 1978 ஜனவரியில்தான் மியூச்சுவல் நிறுவனத்தின் தேசிய இரவு ரேடியோ நிகழ்ச்சி தொடங்கியது. நடுராத்திரியிலிருந்து விடியும் வரை. தூக்கம் வராதவர்கள், லாரி ஓட்டுபவர்கள், காவலாளிகள். 1982ல் ஒலிபரப்புக்கான பீபாடி விருது.

என் வீட்டில் கடனில் ஊரை விட்டுப் போன ஒருவர் உண்டு. அவர் திரும்பி வந்தபோது யாரும் அவரிடம் எதையும் கேட்கவில்லை. அவரும் யாரையும் எதையும் துருவிக் கேட்க மாட்டார். லாரி கிங் ஏன் யாரையும் நெருக்கிக் கேட்கவில்லை என்று பேசும்போது எனக்கு அவர் நினைவு வந்தது. தொடர்பு இருக்கிறதா இல்லையா, நீங்களே சொல்லுங்கள்.

---

கீழமாசிவீதி · 6:08

இதுக்கு என்னத்தச் சொல்ல. நீங்க அடிக்கடி எழுதுங்க அக்கா. (அண்ணன்னா மன்னிச்சிருங்க.)

எட்டுப் பொண்டாட்டி விசயத்த ஏன் யாரும் எடுக்கல? நானே எடுக்குறேன்.

---

நூல்கண்டு · 6:20

எட்டுக் கல்யாணம், ஏழு பேர். ஒருவரையே இரண்டு தடவை. வினாடி வினாவில் எல்லாரும் தப்பு விடுகிற இடம் இது, குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

மேசைவிளக்கு எழுதியதைப் படித்ததும் இன்னொரு பட்டியல் போடத் தோன்றியது. பெயர், சாராயக் கடை விளம்பரத்திலிருந்து. கண்ணாடி, நகராட்சிப் பணத்தில். மேசை மேல் இருந்த அந்தப் பெரிய மைக் வேலையே செய்யாது, அலங்காரம். நிஜ மைக் சட்டையில். அந்த சஸ்பெண்டர் 1987க்குப் பிறகு வந்தது. அந்த பிப்ரவரியில் மாரடைப்பு, வருஷக் கடைசியில் ஐந்து இடத்தில் பைபாஸ். ஒரு நாளைக்கு மூன்று பாக்கெட் சிகரெட் குடித்தவர் மாரடைப்பு வந்த அன்றோடு விட்டார். உடம்பு இளைத்து பேன்ட் நிற்கவில்லை. பெல்ட்டுக்குப் பதில் இதைப் போட்டுப் பாரேன் என்று யோசனை சொன்னது ஒரு முன்னாள் மனைவி.

அடுத்த வருஷமே இதய சிகிச்சைக்குப் பணமில்லாதவர்களுக்காக ஓர் அறக்கட்டளை தொடங்கினார். அதை விடுங்கள். நான் சொல்ல வந்தது, கார்ட்டூன் வரைகிறவன் லாரி கிங்கை வரைய எடுத்துக்கொள்கிற ஒவ்வொன்றும் வேறு எங்கிருந்தோ வந்து ஒட்டிக்கொண்டது. லாரன்ஸ் ஸைகர் பிறக்கும்போது கொண்டுவந்தது அந்தக் கரகரத்த புரூக்ளின் குரல் ஒன்றுதான்.

அப்படியானால் 1957லிருந்தே அவர் ஒரு பாத்திரத்தில்தான் இருந்தாரா?

---

டப்பிங்குரல் · 7:02

குரல் என்று சொன்னதால் என் ஏரியா. ஷ்ரெக் 2 (2004) படத்தில் டோரிஸ் என்று ஒரு கதாபாத்திரம் உண்டு, சிண்ட்ரெல்லாவுடைய மாற்றாந்தாயின் அழகில்லாத மகள், சாராயக் கடையில் பரிமாறுபவர். பெண் உடம்பு, கரகரப்பான ஆண் குரல். குரல் லாரி கிங்.

ஆனால் பிரிட்டனில் வெளியான பிரதியில் அந்தக் குரலை எடுத்துவிட்டு ஜொனாதன் ராஸ் குரலைப் போட்டார்கள். அவர் அங்கே பேட்டி நிகழ்ச்சி நடத்துபவர். ஏனென்றால் ஜோக்கே, அட இது இவர் குரல் ஆச்சே என்று பார்க்கிறவன் கண்டுபிடிப்பதில்தான் இருக்கிறது. கடல் தாண்டினால் லாரி கிங் வெறும் ஒரு குரல். அவராக இருப்பதற்கு எதிரில் அவரைத் தெரிந்தவன் வேண்டும்.

அப்புறம் பழைய மர்ஃபி சார், சாராயக் கடைப் பெயரில் தொடங்கிய ஆள் சாராயக் கடைக்காரிக்குக் குரல் கொடுத்திருக்கிறார், கவனித்தீர்களா?

---

பழைய மர்ஃபி · 7:15

தம்பி, இதற்காகவே உனக்கு ஒரு காபி வாங்கித் தருகிறேன். தனி விமானம் எதிர்பார்க்காதே.

---

செய்திமேசை · 8:30

நூல்கண்டு கேட்டதற்கு வருகிறேன். ‘அவராகவே’ வருவதில் ஒரு விலை இருக்கிறது, அதை இந்த இழையில் யாரும் தொடவில்லை.

கான்டாக்ட் படத்தில் லாரி கிங் மட்டும் இல்லை, சி.என்.என். செய்தியாளர்கள் வரிசையாக அவரவர் பெயரிலேயே வந்தார்கள். படத்தை எடுத்த வார்னர் நிறுவனமும் சி.என்.என்.னும் அதற்குச் சற்று முன்னால்தான் ஒரே குடையின் கீழ் வந்திருந்தன. நிஜச் செய்தியாளர் பொய்ச் செய்தி வாசிக்கலாமா என்று விமர்சனம் வர, சேனல் தலைவரே அது தவறு என்று சொன்னார். லாரி கிங்கோ அடுத்த வருஷமும் படத்தில் வந்தார். நான் செய்தியாளன் இல்லை என்பது அவர் கணக்கு. சரி, போகட்டும்.

பூண்டு மாத்திரை விளம்பரத்தில் வந்தார். சி.என்.என். முடிந்த பிறகு மூட்டு வலி, புராஸ்டேட் மாத்திரைகளுக்கு அரை மணி நேர விளம்பரங்கள். பார்த்தால் விளம்பரம் மாதிரியே இருக்காது. அதே சட்டை, அதே சஸ்பெண்டர், எதிரில் டாக்டர், இவர் கேள்வி கேட்கிறார். லாரி கிங் பேட்டி எடுக்கிறார் என்றுதான் எந்தக் கிழவருக்கும் தோன்றும்.

கடைசியில் 2019. தெரிந்தவர் ஒருவர் கேட்டார் என்று கேமரா முன்னால் உட்கார்ந்து சில கேள்விகளை வாசித்துக் கொடுத்தார். எதிரில் ஆள் இல்லை. பதில் சொன்ன பெண்ணை வேறிடத்தில் படம் பிடித்து இரண்டையும் ஒட்டிவிட்டார்கள். வெளியே வந்தபோது, அப்போது அமெரிக்காவில் தஞ்சமிருந்த ஒரு சீனத் தொழிலதிபரைத் தாக்கும் ‘லாரி கிங் பேட்டி’ அது. சீன அரசோடு தொடர்புள்ள கணக்குகள் அதைப் பரப்பின. 2020 ஜூலையில் புரோபப்ளிகா என்ற புலனாய்வுச் செய்தித் தளம் இதை வெளியே கொண்டுவந்தது. செய்திருக்கவே கூடாது என்று அவரே வருந்தினார்.

பேய்ப் படத்தில் உட்கார்ந்து பேய் பற்றிப் பேசியதற்கும் இதற்கும் உடம்பளவில் வேறுபாடே இல்லை. அதே நாற்காலி, அதே முகம், எதிரில் இல்லாத ஒருவர். முப்பத்தைந்து வருஷம் அதையே செய்த ஆளுக்குக் கடைசியில் வித்தியாசம் தெரியாமல் போனது பெரிய அதிசயம் இல்லை.

---

ஸ்காபரோ பனி · 9:05

செய்திமேசை அண்ணை, நீங்கள் சொல்லுறது சரி. ஆனா அந்த நேரம் அந்த மனிசனுக்கு 85 வயசு. நான் பாவம் பாக்கிறன்.

அந்த 2020இலை வேறை ஒண்டும் நடந்தது. யூலை கடைசியிலை மகன் மாரடைப்பிலை போனார். மூண்டு கிழமை கழிய மகள், நுரையீரல் புற்றுநோய். பிள்ளையளிலை ரெண்டு பேரை ஒரு மாதத்துக்குள்ளை குடுத்திட்டு, அதையும் அவர்தான் எழுதி அறிவிச்சவர். பிறகு கோவிட் வந்து ஆசுப்பத்திரி. 2021 ஜனவரி 23 லொஸ் ஏஞ்சலிசிலை முடிஞ்சுது, 87 வயசு.

செய்தி வந்த அண்டு நான் வேலையிலை நிண்டனான். கூட வேலை செய்யிற பிள்ளைக்கு, லாரி கிங் செத்திட்டாராம் எண்டன். ஆர் அது எண்டு கேட்டாள். ஷ்ரெக்கிலை வாற அந்தக் குரல் எண்டு சொல்லியிருக்கலாம், அந்த நேரம் எனக்குத் தெரியாமல் போச்சு.

---

மேசைவிளக்கு · 9:40

அக்காதான். கீழமாசிவீதிக்கு.

---

கீழமாசிவீதி · 9:43

வணக்கம் அக்கா.

நூல்கண்டு அண்ணே, நான் காலைல சொன்னத வாபஸ் வாங்கிக்கிறேன். சேத்துக்கங்க. ஆனா நடிகர்னு தனியா எழுதாதீங்க. பேர்லயே இருக்கு அது.

---

நூல்கண்டு · 10:25

சேர்த்தாகிவிட்டது. இரவு இருந்து எல்லா வரிகளையும் திருத்தினேன். புதிய நிலவரம்:

1984 கோஸ்ட்பஸ்டர்ஸ். பாத்திரம்: அவராகவே (சிகரெட்டோடு).
1997 கான்டாக்ட். பாத்திரம்: அவராகவே (சஸ்பெண்டரோடு).
2004 ஷ்ரெக் 2. பாத்திரம்: டோரிஸ். குறிப்பு: பிரிட்டனில் இவர் இல்லை.
2007 பீ மூவி. பாத்திரம்: அவராகவே, தேனீ.

2019 சீன வீடியோவைச் சேர்க்கச் சொல்லி செய்திமேசை தனிச் செய்தி அனுப்பியிருக்கிறார். சினிமா இல்லையே என்றேன். வசனம் எழுதிக் கொடுத்தார்கள், கேமரா இருந்தது, எதிரில் இல்லாத ஆளிடம் பேசினார், வேறென்ன வேண்டும் என்கிறார். வரி போட்டுவிட்டேன். பாத்திரம் என்ற கட்டத்தை மட்டும் இன்னும் நிரப்பவில்லை.